பத்து நாற்பதுக்கு வந்தவரைப் பிற்பகலில் சேர்த்தேன்

போன மாதம் எங்கள் பழைய அலுவலகத்திலிருந்து ஒரு பெண் போன் செய்தார். பணியமைப்புப் பிரிவுக்குப் புதிதாக வந்திருக்கும் இளநிலை உதவியாளர். ஒப்பந்தத்தில் இருந்த சிலரை நிரந்தரமாக்கி ஆணை வந்திருக்கிறதாம், அவர்களுடைய விவரங்களைக் கணினியில் ஏற்றிக்கொண்டிருக்கிறார். "சார், ஜாயினிங் டேட் போட்டதும் மு.ப., பி.ப.ன்னு ரெண்டு கட்டம் வருது. எதையாவது ஒண்ணத் தொட்டாத்தான் அடுத்த பக்கமே போகுது. அது அவ்ளோ முக்கியமா சார்?"

நான் சிரித்துவிட்டேன். நிறுத்த முடியவில்லை. லைன் சரியில்லை என்று நினைத்து அவர் இரண்டு முறை ஹலோ சொன்னார். கடைசியில், ஒவ்வொருவரும் எத்தனை மணிக்கு அலுவலகத்துக்குள் கால் வைத்தார்கள் என்று அவர்களையே கேட்டு அதன்படி போடும்மா என்று சொல்லி வைத்தேன். பதில் அவ்வளவுதான். ஆனால் முக்கியமா என்ற கேள்விக்கு என்னிடம் இன்னொரு பதிலும் உண்டு. அது போனில் சொல்கிற நீளத்தில் இல்லை. நம் சங்க இதழுக்கு ஏதாவது எழுதித் தாருங்கள் என்று நண்பர்கள் இரண்டு வருடமாகக் கேட்கிறார்கள். இதை எழுதுகிறேன். இதில் தவறு செய்தவன் நான்தான். அதை முதலிலேயே சொல்லிவிட்டால் படிப்பவர்களுக்கு வசதி.

பொருளாதாரத்தில் முதுகலை படித்தவன் நான். ஊர்களுக்குத் தண்ணீர் ஏற்றித் தருகிற நம் நிறுவனத்தில் இளநிலை உதவியாளராகச் சேர்ந்தேன். முதல் இரண்டு வருடம் தபால் பதிந்தேன். அடுத்த இரண்டு வருடம் கோப்பு கட்டினேன். ஐந்தாம் வருடம்தான் கோப்பில் எழுத விட்டார்கள். அதற்குள் கண்காணிப்பாளரின் முகத்தைப் பார்த்தே இன்று விடுப்பு கேட்கலாமா வேண்டாமா என்று சொல்லும் அளவுக்குத் தேறியிருந்தேன். பயிற்சி என்று சொல்ல வேறெதுவும் இல்லை.

எனக்குக் கிடைத்தது பணியமைப்புப் பிரிவு. யார் எப்போது சேர்ந்தார், யாருக்கு ஊதிய உயர்வு, யார் யாருக்கு மேல் என்பதையெல்லாம் எழுதி வைக்கிற இடம். பம்பு ஓட்டுகிறவர்களுக்கு அந்தப் பிரிவு கொஞ்சம் கோயில் மாதிரி. செருப்பை வாசலில் விட்டுவிட்டுத்தான் உள்ளே வருவார்கள். வேண்டாம் என்று சொன்னாலும் கேட்க மாட்டார்கள். அது எனக்குப் பிடித்திருந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

அப்போது நம் நீரேற்று நிலையங்களில் பாதி வேலையை நாள்கூலி ஆட்கள்தான் பார்த்தார்கள். என்.எம்.ஆர். ஆட்கள் என்போம். மாதக் கடைசியில் ஒரு பட்டியலில் கைநாட்டோ கையெழுத்தோ போட்டுக் கூலி வாங்குவார்கள். விடுப்பு இல்லை, ஊதிய உயர்வு இல்லை, ஓய்வூதியம் இல்லை. எத்தனை வருடம் ஓட்டினாலும் நேற்றுச் சேர்ந்தவரும் அவரும் ஒன்றுதான். எங்கள் கோட்டத்தில் அப்படி இருந்த பன்னிரண்டு பேரைப் பணிவரன்முறை செய்து, அதாவது நிரந்தரமாக்கி, ஆணை வந்தது. நாள்கூலியில் யார் மூத்தவரோ அவர் பெயர் முதலில். வரிசை எண் ஒன்று, முனிரத்தினம், அடி அண்ணாமலை நீரேற்று நிலையம். பதினான்கு வருடம் நாள்கூலியாக இருந்தவர். வரிசை எண் இரண்டு, தனபால், கீழ்பென்னாத்தூர்க்காரர். அவருக்கு மோட்டார் ஓட்டக் கற்றுக்கொடுத்ததே முனிரத்தினம்தான்.

பணியேற்கச் சொன்ன நாள் ஒரு வெள்ளிக்கிழமை. முந்தின நாள் பௌர்ணமி, கிரிவலக் கூட்டம். வெள்ளிக்கிழமை பத்தரையிலிருந்து பன்னிரண்டு வரை ராகு காலம் என்று இந்த ஊரில் யாரிடமும் சொல்லத் தேவையில்லை. அலுவலகம் திறப்பது பத்து மணிக்கு. பதினொரு பேரும் ஒன்பதரைக்கே வேங்கிக்கால் அலுவலக வாசலில் நின்றார்கள். எல்லோருக்கும் புதுச் சட்டை, நெற்றி நிறைய விபூதி. பார்க்கப் பெண் பார்க்க வந்த கூட்டம் மாதிரி இருந்தது. தனபால் தன் சட்டையிலிருந்த விலைச் சீட்டைக்கூட எடுக்கவில்லை.

பணியேற்பு அறிக்கை என்பது அரைப் பக்கத் தாள். 'மேற்படி ஆணையின்படி இன்று மு.ப./பி.ப. பணியேற்றேன்' என்று அச்சிட்டிருக்கும். பொருந்தாததை அடிக்க வேண்டும். கீழே ஊழியரின் கையெழுத்து, அதற்கும் கீழே 'என் முன்னிலையில்' என்ற இடத்தில் என் சுருக்கொப்பம், பிறகு செயற்பொறியாளரின் கையெழுத்து. நான் ஸ்கேலை வைத்து பி.ப.வை அடித்து அடித்துக் கொடுத்தேன். பத்து இருபத்தைந்துக்குள் பதினொரு பேரையும் முடித்துவிட்டேன். ஒருவர் பேனாவை அழுத்திய அழுத்தத்தில் தாள் கிழிந்தது. அவருக்கு மட்டும் வேறு தாள்.

பத்து நாற்பதுக்கு முனிரத்தினம் சைக்கிளில் வந்து இறங்கினார். புதுச் சட்டை இல்லை. முழங்கை வரை கிரீஸ். ஏன் தாமதம் என்று கேட்டேன்.

"டேங்க் ரொம்பல சார். நேத்து ஜனம் ஜாஸ்தி, மொத்தமும் காலி. பாதியில வுட்டுட்டு வந்தா ஊருக்குத் தண்ணி போவாது."

அவர் தாளை வாங்கக் கை நீட்டினார். நான் கொடுக்கவில்லை. என் மேசைக்கு மேலே மாட்டியிருந்த நாள்காட்டியைக் காட்டினேன். ராகு காலம் ஓடுகிறது, பதினான்கு வருடம் காத்திருந்தவன் இன்னும் ஒன்றரை மணி நேரம் இரு, ஆணையில் முதல் பெயர் உன்னுடையது, நல்ல நேரத்தில் போடு என்றேன். அவருக்கு அதில் பெரிய நம்பிக்கை இருந்ததாகத் தெரியவில்லை. எனக்கு எல்லா நேரமும் ஒண்ணுதான் சார் என்றார். நான் கேட்கவில்லை. பொருளாதாரம் படித்தவன் சொன்னால் அவர் என்ன செய்வார். வராந்தா பெஞ்சில் உட்கார்ந்தார். நானே டீ வாங்கிக் கொடுத்தேன். அன்று அவருக்கு நல்லது செய்ததாக நினைத்து எனக்குள் ஒரு திருப்திகூட இருந்தது.

பன்னிரண்டு பத்துக்குக் கூப்பிட்டுத் தாளைக் கொடுத்தேன். மணி பன்னிரண்டைத் தாண்டிவிட்டது அல்லவா. கை பழக்கத்தில் ஸ்கேலை வைத்து மு.ப.வை அடித்தேன்.

அடுத்த வருடம் தலைமை அலுவலகம் பணிமூப்புப் பட்டியல் கேட்டது. பதவி உயர்வு வந்தால் யாருக்கு முதலில் என்பதை முடிவு செய்வது அந்தப் பட்டியல்தான். நம் விதி எளிமையானது. ஒரே ஆணையில் வந்தவர்களுக்கு ஆணையில் உள்ள வரிசையே மூப்பு. ஆனால் பணியேற்பில் பிந்தியவர், மற்றவர்களுக்குக் கீழே. முற்பகலில் சேர்ந்த பதினொரு பேரையும் எழுதிவிட்டுப் பன்னிரண்டாவதாக முனிரத்தினம் பெயரை எழுதும்போது என் பேனா நின்றது. அது எனக்கு இன்றும் நினைவிருக்கிறது. ஆகவே தெரியாமல் செய்தேன் என்று சொல்ல முடியாது.

இரண்டு வரி எழுதியிருந்தால் போதும். ஊழியர் முற்பகலிலேயே வந்துவிட்டார், அலுவலகம்தான் காக்க வைத்தது. ஆனால் ஏன் காக்க வைத்தீர் என்ற கேள்வி வரும். அப்போதிருந்த கண்காணிப்பாளர் சாமி கும்பிடாதவர். என் நாள்காட்டியைப் பார்த்து இன்னிக்குக் கோப்பு நகர நல்ல நேரம் எப்போது என்று தினமும் கேட்பார், பிரிவே சிரிக்கும். ராகு காலத்துக்காக ஒருவரைக் காக்க வைத்தேன் என்று அவர் மேசைக்கு எழுதி அனுப்ப எனக்கு வெட்கம். அந்த வெட்கம்தான் காரணம். வேறு பெரிய காரணம் எதுவும் கிடையாது.

தற்காலிகப் பட்டியலைச் சுற்றுக்கு விட்டு, ஆட்சேபணை இருந்தால் பதினைந்து நாளில் சொல்லுங்கள் என்று ஒவ்வொருவரிடமும் கையெழுத்து வாங்க வேண்டும். முனிரத்தினம் பட்டியலோடு என் மேசைக்கே வந்தார்.

"இன்னா சார், என் பேரு அடியில போயிடுச்சு?"

"அது சும்மா நம்பர்ப்பா. சம்பளம் பன்னெண்டு பேருக்கும் ஒண்ணுதான்."

"அப்ப சரி சார்" என்று கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனார். நான் சொன்னதில் பொய் எதுவும் இல்லை. அன்றைக்குச் சம்பளம் ஒன்றுதான். இப்படித் தப்பித்துக்கொள்ள எங்கள் பிரிவில் இருப்பவர்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

நான்கு வருடம் கழித்து அடி அண்ணாமலையில் முதல்நிலை ஆபரேட்டர் பணியிடம் ஒன்று காலியானது. பட்டியலில் முதல் பெயர் இப்போது தனபால். அவர் முனிரத்தினத்துக்கு மேலதிகாரியாக அதே நிலையத்துக்கு வந்தார். இரண்டு பேரும் சண்டை போட்டிருந்தால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும். அவர்கள் போடவில்லை. முனிரத்தினம் உள்ளே வந்தால் தனபால் நாற்காலியை விட்டு எழுந்துவிடுவார். "உக்கார்றா, நீதான எனக்கு ஆபீசரு" என்று இவர் அதட்டுவார். விடுப்புக் கடிதம் கொடுக்கும்போது 'ஐயா அவர்களுக்கு' என்று எழுதி நீட்டுவாராம். தனபால் தலையில் அடித்துக்கொள்வாராம். கோட்டம் முழுக்க இது வேடிக்கைக் கதையாகச் சுற்றியது. நானும் மற்றவர்களோடு சேர்ந்து சிரித்திருக்கிறேன்.

அந்த வருடம்தான் முதல் மனு வந்தது. ஒரு பக்கம், நல்ல கையெழுத்து, அவர் மகள் எழுதியது. முற்பகலிலேயே அலுவலகம் வந்தேன், காத்திருக்கச் சொன்னதால் காத்திருந்தேன், ஆகவே என் மூப்பைத் திருத்தித் தர வேண்டும். காத்திருக்கச் சொன்னது யார் என்று அதில் இல்லை. மனு என்னிடம்தான் வந்தது, குறிப்பு எழுத. நான் எழுதியதை அப்படியே தருகிறேன், மனப்பாடமாக இருக்கிறது: 'மனுதாரர் பிற்பகலில் பணியேற்றது பதிவில் உள்ளது. பட்டியலைப் பார்வையிட்டுக் கையொப்பமிட்டுள்ளார். உரிய காலத்தில் ஆட்சேபணை தெரிவிக்கவில்லை. காத்திருக்கச் சொன்னவர் யார் என்பதையும் தெரிவிக்கவில்லை. எனவே மனுவை ஏற்பதற்கில்லை.' மேலே இருந்தவர் தெளிவான குறிப்பு என்று பாராட்டிக் கையெழுத்திட்டார். நான்காவது வரியை எழுதியவன்தான் காத்திருக்கச் சொன்னவன்.

ஆறு வருடம் கழித்து இரண்டாவது மனு. அதே கையெழுத்து, அதே வாசகம். அதற்குள் ஊதிய உயர்வுகள் சேர்ந்து தனபாலின் சம்பளம் முனிரத்தினத்தின் சம்பளத்தை விட்டு வெகுதூரம் போயிருந்தது. நான் கண்காணிப்பாளராகிவிட்டேன். ஏற்கெனவே பரிசீலித்து முடிக்கப்பட்டது என்று ஒரே வரியில் முடித்தேன்.

அந்த வருடங்களில் ஒவ்வொரு பௌர்ணமியும் நான் கிரிவலம் போவேன். சாயங்காலமே கிளம்பிவிடுவேன். அடி அண்ணாமலையில் நீரேற்று நிலையம் வரும் இடத்தில் பாதையின் எதிர் ஓரத்துக்குப் போய் மற்றவர்களுக்கு நடுவில் புகுந்து நடப்பேன். பயனில்லை. "சார், இந்தப் பக்கம் வாங்க, தண்ணி குடிச்சிட்டுப் போங்க" என்று முனிரத்தினத்தின் குரல் எப்படியோ என்னைக் கண்டுபிடித்துவிடும். அவ்வளவு கூட்டத்தில் மலையைச் சுற்ற வந்து தண்ணீருக்குப் பயந்து ஓடியவன் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

முனிரத்தினம் ஓய்வு பெற ஏழு மாதம் இருந்தபோது மூன்றாவது மனு கொடுத்தார். இதுதான் கடைசி வாய்ப்பு. கடைசிச் சம்பளத்தை வைத்துத்தான் ஓய்வூதியம் போடுவார்கள். வேலையை விட்டுப் போய்விட்டால் பட்டியலை அப்புறம் யாரும் திறக்க மாட்டார்கள். ஆயுள் முழுக்க அவர் பன்னிரண்டாவது ஆள்தான்.

அந்தச் சமயத்தில் புதிய நிர்வாக அலுவலர் வந்திருந்தார். பத்மாவதி மேடம். வந்தவாசிப் பக்கத்துச் சமணக் குடும்பம். இருட்டிய பின் சாப்பிடும் வழக்கம் அவர்களுக்கு இல்லை. ஆகவே மாலை ஐந்தரைக்கு அறையிலேயே டிபன் டப்பாவைத் திறந்துவிடுவார். ஐந்து மணிக்கு மேல் யாராவது கோப்போடு போனால், "சாப்பாட்டுக்கு முன்னாடி முடிச்சுடலாமா?" என்பார். முடிந்தும்விடும்.

நாங்கள் எல்லோரும் கோப்பைக் கடைசித் தாளிலிருந்து படிக்கிறவர்கள். கடைசிக் குறிப்பு என்ன சொல்கிறதோ அதற்குக் கீழே நம் கையெழுத்து, முடிந்தது. மேடம் முதல் தாளிலிருந்து படிப்பார். ஆறு அங்குல ஸ்டீல் ஸ்கேல் ஒன்றை வரிக்குக் கீழே வைத்து நகர்த்திக்கொண்டே வருவார். சந்தேகம் வந்த இடத்தில் ஒரு துண்டுத் தாளைச் செருகுவார், எதுவும் எழுத மாட்டார். குரலை உயர்த்தி நான் கேட்டதில்லை. திட்டு வாங்கினால் வெளியே வந்து திட்டியவரைப் பற்றிப் பேசி ஆறிக்கொள்ளலாம். இவரிடம் அந்த வசதி கிடையாது. கோப்பைத் திருப்பித் தருவார், உள்ளே துண்டுத் தாள் இருக்கும், நாமேதான் என்ன தப்பு என்று தேட வேண்டும். எங்கள் பிரிவில் ஒருவர் அந்தத் துண்டுகளைச் சேர்த்து வைத்து, மாதக் கடைசியில் யாருக்கு அதிகம் என்று எண்ணி டீ வாங்க வைத்தார். பெரும்பாலும் நான்தான் வாங்கினேன்.

முனிரத்தினத்தின் கோப்பு உள்ளே போய் நான்கு நாள் வரவில்லை. ஐந்தாம் நாள் ஒரே ஒரு துண்டுத் தாளோடு வந்தது. அது செருகப்பட்டிருந்த இடம், பதினாறு வருடத்துக்கு முந்தைய பணியேற்பு அறிக்கை. கூடவே அடி அண்ணாமலையின் பழைய பம்பு இயக்கப் பதிவேட்டை வரவழைத்து வைத்திருந்தார். அந்த வெள்ளிக்கிழமை 'டேங்க் நிரம்பியது, பொறுப்பு ஒப்படைத்தேன், மு.ப. 9.50' என்று முனிரத்தினம் எழுதியிருந்தார். ஒன்பது ஐம்பதுக்குச் சைக்கிளில் கிளம்பியவர் வேங்கிக்காலுக்குப் பன்னிரண்டு பத்து வரை எப்படி வராமல் இருந்தார் என்று விளக்கக் குறிப்பு வைக்கும்படி எனக்குச் சொல்லி அனுப்பினார்.

எனக்கு ஓய்வு பெற ஒன்றரை வருடம் இருந்தது. ஓய்வு பெறுகிற நேரத்தில் குற்றச்சாட்டு வந்தால் என்ன ஆகும் என்று நம் ஆட்களுக்குத் தெரியும். கடைசி நாளன்று மாலையைப் போடுவதா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டே நிற்பார்கள். மூன்று நாள் யோசித்தேன். யோசித்து, 'பிற்பகலில் பணியேற்றதற்கான காரணம் கோப்பில் காணப்படவில்லை' என்று ஒரு வரி எழுதி எடுத்துக்கொண்டு ஐந்தேகாலுக்கு அவர் அறைக்குப் போனேன். சாப்பாட்டு நேரம் நெருங்கினால் சீக்கிரம் கையெழுத்துப் போட்டுவிடுவார் என்ற எண்ணமும் இருந்தது.

ஸ்கேலை வைத்து அந்த ஒரு வரியைப் படித்தார்.

"கோப்புல இல்ல. சரி. உங்ககிட்ட இருக்குதா?"

உட்காருங்கள் என்றார். உட்கார்ந்தேன். அவர் வேறு எதுவும் கேட்கவில்லை, வேறு கோப்பையும் எடுக்கவில்லை. டப்பா மேசை மேலேயே இருந்தது. ஐந்தரை ஆனது. அலுவலகம் காலியாகிற சத்தம் கேட்டது. சாப்பிடுங்க மேடம், நான் நாளைக்கு வரேன் என்றேன். பரவாயில்ல, நீங்க சொல்லுங்க என்றார். ஜன்னலுக்கு வெளியே மலை மேல் இருந்த வெயில் மெல்ல ஏறி உச்சிக்குப் போய் அங்கேயும் இல்லாமல் போனது. அதற்குப் பிறகுதான் சொன்னேன். நாள்காட்டி, பெஞ்சு, டீ, ஸ்கேல், மனுக்கள், நான்காவது வரி, எல்லாவற்றையும். சொல்லி முடிக்கப் பத்து நிமிடம்கூட ஆகவில்லை. அவர் டப்பாவைத் திறக்காமலேயே பையில் வைத்தார். அன்று ராத்திரி அவர் பட்டினி. அதற்கும் நான்தான் காரணம்.

"இதையே எழுதிக் குடுங்க. எனக்கு வேண்டியது இதுதான். ஆபீஸ் காக்க வெச்ச நேரத்தை அந்த ஆள் தலையில கட்ட முடியாது." கதவருகே போய்விட்டுத் திரும்பினார். "உங்களுக்குத் தண்டனை வரும் சார். கம்மியாத்தான் வரும். ஆனா வரும்."

மறுநாள் எழுதிக் கொடுத்தேன். நான் எழுதிய குறிப்புகளிலேயே நடை மோசமானது அதுதான். ஒரு இடத்தில்கூடத் துண்டுத் தாள் வரவில்லை.

பட்டியலைத் திருத்துவதற்கு முன் அதனால் பாதிக்கப்படுகிறவர்களைக் கேட்க வேண்டும் என்பது விதி. பதினொரு பேரில் ஒன்பது பேர் பணியில் இருந்தார்கள். ஒன்பது பேரும் வேங்கிக்காலுக்கு வந்தார்கள். எல்லோருக்கும் தலை நரைத்திருந்தது. எட்டு பேர் ஆட்சேபணை இல்லை என்று எழுதிக் கொடுத்தார்கள். உண்மையில் இழப்பு வரக்கூடியவர் தனபால் ஒருவர்தான். முனிரத்தினம் மேலே போனால் பதவி உயர்வு முதலில் அவருக்குப் போக வேண்டியது. தனபாலைக் கீழே இறக்கவும் வழி இருக்கிறது. அதை மேடம் அவரிடம் மறைக்காமல் சொன்னார். தனபால் கையிலிருந்த வேர்க்கடலைப் பையைத் தரையில் வைத்துவிட்டுப் பேசினார்.

"எறக்கினாலும் பரவால்ல மேடம். ஒரே ஒரு கண்டிஷன். இந்த மனுசன் இனிமே என்கிட்ட லீவ் லெட்டரு குடுக்கக் கூடாது. பதினோரு வருசமா ஐயா ஐயான்னு எழுதி என் மானத்த வாங்கறாரு."

மேடம் சிரித்ததை அன்றுதான் பார்த்தேன். தனபாலை இறக்க வேண்டியிருக்கவில்லை. வேறொரு நிலையத்தில் காலியிடம் இருந்தது, அதைக் காட்டிச் சரிசெய்தார். ஆணை மூன்று மாதத்தில் வந்தது. வரிசை எண் ஒன்று, முனிரத்தினம். தனபால் உயர்வு பெற்ற அதே நாளிலிருந்து அவரும் முதல்நிலை ஆபரேட்டர், சம்பளமும் தனபாலுக்குச் சமம். பழைய வருடங்களின் நிலுவை முழுதும் வரவில்லை. நான் தள்ளுபடி செய்த வருடங்கள் போனது போனதுதான். ஆனால் ஓய்வூதியம் சரியான சம்பளத்தில் நின்றது. அதே வாரம் எனக்கும் ஓர் உறை வந்தது. கடமையில் உண்மையை மறைத்ததற்காகக் கண்டனம். என் பணிப்பதிவேட்டில் அதைப் பதிய வேண்டிய பிரிவு என்னுடையது. நானே பதிந்தேன், தேதி, எண் எல்லாம் சரியாக.

ஆணையைக் கையில் வாங்கிக்கொண்டு முனிரத்தினம் என் மேசைக்கு வந்து, வாங்க சார் டீ குடிக்கலாம் என்றார். கலெக்டர் அலுவலக நிறுத்தத்துக்கு எதிரிலிருந்த கடைக்குப் போனோம். மன்னிப்புக் கேட்க நான் நாலைந்து வாக்கியம் தயார் செய்து வைத்திருந்தேன். எதுவும் வரவில்லை. அதற்குப் பதிலாக, இத்தனை வருடமாக என்னை அரித்துக்கொண்டிருந்த ஒன்றைக் கேட்டேன். மூன்று மனுவிலும் ஏன் என் பெயரைப் போடவில்லை. போட்டிருந்தால் முதல் மனுவிலேயே முடிந்திருக்குமே.

அவர் டீயை ஆற்றிக்கொண்டே சொன்னார்.

"என் பொண்ணு போடலாம்னுதான் சொன்னா சார். நான்தான் வேணாம்னுட்டேன். போட்டா உங்களக் கூப்பிட்டுக் கேப்பாங்க. நீங்க இல்லன்னுட்டா? அப்புறம் பவுர்ணமிக்கு நீங்க வர்றப்போ நான் எப்படி சார் கூப்பிட்டுத் தண்ணி குடுக்கறது?"

நான் டம்ளரைக் கீழே வைத்தேன்.

"இல்லன்னுதான் சொல்லியிருப்பேன், முனிரத்தினம்."

"தெரியும் சார்" என்று சிரித்தார். டீக்குக் காசு கொடுக்க நான் பையில் கை விட்டேன். அவர் விடவில்லை. இனிமேல் தனக்கும் சம்பளம் அதிகம்தான் என்று கடைக்காரரிடம் சொல்லி அவரே கொடுத்தார். பிறகு அடி அண்ணாமலைப் பக்கம் போகும் ஷேர் ஆட்டோ வந்தது. ஏற்கெனவே ஆள் நிறைந்திருந்த அதில் ஓரமாக ஒட்டிக்கொண்டு, ஆணை மடங்கிவிடாமல் இரண்டு கையாலும் பிடித்தபடி போனார்.